எட்டுக் குழி விளக்கு

தென்னூரில் நான் வளர்ந்த தெருவில் எங்களுடையது ஒன்றுதான் யூத வீடு. அம்மா கொச்சியிலிருந்து கொண்டுவந்த பித்தளை விளக்கில் எட்டுக் குழிகள் உண்டு. ஹனுக்கா பண்டிகையின் முதல் நாள் ஒரு திரி, மறுநாள் இரண்டு என்று ஏற்றிக்கொண்டே போய் எட்டாம் நாள் எட்டும் எரியும். அம்மா போனபின் விளக்கு எனக்கு வந்தது. நானோ ஸ்ரீரங்கத்து வைணவ வீட்டில் வாழ்க்கைப்பட்டவள். யார் என்ன நினைப்பார்களோ என்று இருபது வருஷம் அதைப் பரணில் போட்டு வைத்தேன். நல்ல மகள்தான், போங்கள்!

போன வருஷம் இஸ்ரேலிலிருந்து ஊருக்கு வந்திருந்த அக்கா, ஹனுக்கா முதல் நாளன்று என் வீட்டுக்கு வந்தாள்.

"நீதான் ஏத்துறதே இல்லையே. என் பசங்களாவது ஏத்தட்டும், குடுத்துடு" என்றாள்.

எந்த முகத்தோடு மறுப்பேன்? விளக்கை இறக்கிக் கூடத்தில் வைத்துவிட்டு, இருவரும் தென்னூரில் எங்கள் பழைய வீட்டைப் பார்க்கப் போனோம்.

அந்தியில் திரும்பினால் கூடமெல்லாம் வெளிச்சம். மாமியார் விளக்கைப் புளி போட்டுத் தேய்த்து, கோலத்தின்மேல் வைத்து, எட்டுக் குழியிலும் ஏற்றியிருந்தார்.

"ஐயய்யோ, இன்னைக்கு ஒண்ணுதான் ஏத்தணும்! நாளைக்குத்தான் ரெண்டு!" என்று கத்திவிட்டேன்.

"எனக்கென்னடி தெரியும்? இருபது வருஷமா வாயைத் திறந்தியா நீ? ஏழு குழியை வெறுமனே விட மனசு வரலை."

ஆத்திரத்தில் ஏழு திரியையும் ஊதி அணைக்கக் குனிந்தேன்.

"வாயால ஊதாதே!" என்று அதட்டினார்.

அக்கா சிரித்துவிட்டாள். எங்கள் அம்மாவும் இப்படியேதான் அதட்டுவாள். மாமியார் ஒரு பூவை எடுத்து ஏழு திரிகளையும் ஒவ்வொன்றாகக் குளிரவைத்தார். மிச்சமிருந்த ஒற்றைச் சுடரின் முன்னால் மூவரும் உட்கார்ந்தோம். எனக்கு அழுகை வந்தது.

திரி எரிந்து முடிந்ததும் அக்கா விளக்கைப் பழைய புடவையில் சுற்றிப் பெட்டியில் வைத்தாள். மறுநாள் காலை அவளுக்கு விமானம்.

வாசற்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்த மாமியார் கேட்டார்: "அப்போ நாளைக்கு ரெண்டை எதில ஏத்தறது?"

அந்தக் கேள்விக்காக அவரை ஆயுசுக்கும் கையெடுத்துக் கும்பிடலாம். நான் ஒரு நாளும் கேட்காத கேள்வி அது.

அக்கா புடவையைப் பிரித்தாள். விளக்கை எடுத்து, என்னைத் தாண்டிப் போய், மாமியார் கையில் கொடுத்தாள்.