சென்சாருக்கு வைத்த பொட்டு

ஆயுத பூஜை விடுமுறை முடிந்து எங்கள் ஆண்டிபட்டி நூல் மில் திறந்த காலை. நூல் சுற்றிய கோன்களைப் பெட்டிக்குக் கொண்டுபோகும் பெல்ட் ஓடவில்லை என்று எலக்ட்ரீஷியனான என்னைக் கூப்பிட்டார்கள். பேனலைத் திறக்கும் முன்பே சந்தனம் மணத்தது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

எட்டு வயதில் இப்படி ஒரு பெல்ட்டை நானே நிறுத்தியிருக்கிறேன். மில் எலக்ட்ரீஷியனான அப்பா பூஜைக்குக் கூட்டிப்போய், சந்தனக் கிண்ணத்தை என் கையில் கொடுத்தார். மெஷின் ஓரத்தில் சின்னச் சிவப்பு விளக்கு ஒன்று மினுங்கியது. அழகாக இருக்கிறதே என்று அதன்மேலேயே பெரிதாகப் பொட்டு வைத்தேன்.

மில் திறந்த அன்று அப்பாவுக்குச் சாப்பாடு கொண்டுபோனேன். காலையிலிருந்து மீட்டரும் கையுமாக ஒவ்வொரு ஒயராகப் பார்த்துக்கொண்டிருந்தார். “ஒனக்குப் பிடிபடலேன்னா வெளியாளக் கூப்பிடுறேன்” என்றார் சூப்பர்வைசர். அப்பா அடுத்த ஒயரை எடுத்தார்.

“அப்பா, நான் அங்கன பொட்டு வச்சேன்” என்று அந்தச் சிவப்பு விளக்கைக் காட்டினேன்.

அப்பா அதைத் துண்டால் துடைத்துவிட்டு பட்டனை அழுத்தினார். அவ்வளவு நீளப் பெல்ட்டும் நகர்ந்தது. இரும்புக்குப் பார்வை உண்டு என்பது எனக்குத் தெரிந்த நொடி அது. உடம்பெல்லாம் சிலிர்த்தது.

“அதுதான் அதுக்குக் கண்ணு. முன்னால கோன் நிக்குதுன்னு நெனச்சு இம்புட்டு நேரமாக் காத்துக்கிட்டு நின்னுருக்கு. பொட்ட நெத்தியிலதான வைக்கணும், ஆத்தா?” என்றார் அப்பா.

இன்று நான் சென்சார் கண்ணைத் துடைத்ததும் பெல்ட் ஓடியது. பூஜையன்று அதில் பொட்டு வைத்த வேலைக்காரப் பெண் பக்கத்தில் பயந்துபோய் நின்றாள்.

“சந்தனம் மிச்சம் இருக்கா? இந்தத் தடவ நெத்தியில வைப்போம்” என்று அவளிடம் கேட்டேன்.