ஓலை வாசித்த ஞாயிறு

அத்தானின் மரணச் செய்தியைப் பத்திரிகைப் பக்கத்தில் வைத்தது நான்தான். அப்போது நாகர்கோவிலில் ஒரு நாளிதழில் உதவி ஆசிரியராக இருந்தேன். பாறசாலை அருகே கருங்கல் ஏற்றி வந்த லாரி மோதி, சைக்கிளில் வாழைக்குலை கொண்டுபோன வியாபாரி பலி. இடம், வயது, போலீசார் விசாரிக்கிறார்கள். மற்ற விபத்துகளுக்கு என்ன நீளமோ அதே நீளம். பக்கத்தை முடித்துக் கொடுத்துவிட்டு பஸ் ஏறினேன்.

விபத்து கேரள எல்லைக்குள் என்பதால் இழப்பீட்டு வழக்கு நெய்யாற்றின்கரையில் நடந்தது. அக்காவும் மகளும் அப்பாவின் வீட்டுக்குத் திரும்பியிருந்தார்கள். பணம் வந்தால் அவர்களுக்கென்று பின்பக்கத்து நிலத்தில் ஒரு வீடு கட்டுவதாக அப்பாவின் எண்ணம். வழக்கு ஒவ்வொரு முறையும் தள்ளிப்போனது. அக்கா ஒரே சேலையைக் கோர்ட்டுக்கென்று எடுத்து வைத்திருந்தாள்.

எங்கள் வக்கீல் தொடக்கத்திலேயே எச்சரித்திருந்தார். விதவை மறுமணம் செய்தால் அவள் பங்கைக் குறைக்கச் சொல்லி எதிர்த்தரப்பு வாதாடும். "கேஸ் முடியட்டு. அதுவரை கல்யாணப் பேச்சு ஒண்ணும் வேண்டா."

மூன்று வருடம் கழித்து குளத்தூரிலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. தையல்கடைக்காரர், மனைவியை நோயில் இழந்தவர். மகள் தன்னோடு இருக்கலாமா என்று மட்டும் அக்கா கேட்டாள். அவர் சரி என்றார். அவளும் சரி என்றாள்.

எங்கள் சபையில் கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு ஓலை வாசிப்பார்கள். ஆராதனையின் நடுவே போதகர் இருவர் பெயரையும் சொல்லி, இந்த விவாகத்துக்குத் தடை அறிந்தவர்கள் தெரிவிக்கலாம் என்பார். வக்கீல் சொன்னதை நான் அப்பாவுக்கு நினைவுபடுத்தினேன்.

"எலே, சபையில வாசிக்கிறது சபைக் காரியமாக்கும். கோர்ட்டுக்கு அதுல என்ன?"

முதல் ஞாயிறு வாசித்தார்கள். எதிர்த்தரப்பு வக்கீலின் குமாஸ்தா எங்கள் சபைக்காரர். பாடகர் குழுவில் எனக்குப் பின்வரிசையில் நிற்பவர், நல்ல குரல். ஆராதனை முடிந்து வெளியே செருப்பு மாட்டும்போது அப்பாவிடம், "மாப்பிள்ளைக்க ஊரு குளத்தூரு இல்லியா? நல்ல குடும்பம்" என்றார். அப்பா தலையசைத்தார். சாயங்காலம் போதகரைப் பார்த்து, அடுத்த வாசிப்பை நிறுத்திவைக்கச் சொன்னார்.

இரண்டாம் ஞாயிறு ஓலை வாசிக்கவில்லை. பெண்கள் பக்கத்தில் முன்னால் இருந்த ஒரு சித்தி அக்காவைத் திரும்பிப் பார்த்தாள்.

"என்ன மக்கா, போதகருக்குப் போன வாரத்தோட தொண்ட கட்டிப்போச்சா?"

"ஆமா சித்தி. சுக்குக் காப்பி போட்டுக் குடுங்க."

அந்த வாரமே அக்காவின் சாட்சி. கூண்டில் அவள் நின்ற இடத்திலிருந்து குமாஸ்தா கை எட்டும் தூரத்தில் உட்கார்ந்து வழக்குக் கட்டுகளை அவிழ்த்து வைத்துக்கொண்டிருந்தார். அவர் தன் வக்கீலிடம் சொன்னாரா என்பது எனக்குத் தெரியாது. வக்கீல் வழக்கமாகவே கேட்கும் கேள்வியாகவும் இருக்கலாம். அத்தானின் வியாபாரம், செலவு எல்லாம் விசாரித்த பிறகு, அந்த வக்கீல் அதே குரலில் மலையாளத்தில், வேறு கல்யாணம் உறுதி செய்திருக்கிறதா என்று கேட்டார்.

"உண்டு" என்றாள் அக்கா.

எங்கள் வக்கீல் நிமிர்ந்து பார்த்தார். நீதிபதி அதை எழுதச் சொன்னார்.

பஸ்ஸில் அப்பா ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே பேசினார். "இல்லன்னு ஒரு வார்த்த சொன்னா வானம் இடிஞ்சா விழும்? ஓலையத்தான் நிறுத்தியாச்சே."

"ஓலை வாசிச்சப்ப அந்த ஆளும் கேட்டுட்டுத்தானே இருந்தாரு. அவருக்க முன்னால நின்னு எப்பிடி இல்லன்னு சொல்லுவேன்? ஞாயித்துக்கிழம அவருக்க மூஞ்சில முழிக்கண்டாமா?"

"அவரு மூஞ்சியில முழிக்கதுக்கு ஒரு வீட்டையா குடுத்த?"

அமரவிளையில் கூட்டம் ஏறியது. அக்கா மடியில் இருந்த மகளை இன்னும் நெருக்கி, ஒரு பெண்ணுக்கு இடம் கொடுத்தாள்.

தீர்ப்பு பல மாதம் கழித்து வந்தது. குழந்தையின் பங்கு அவள் பெரியவளாகும்வரை வங்கியில். அக்காவின் பங்கைக் குறைத்திருந்தார்கள். காரணம் ஒரே வாக்கியத்தில் இருந்தது, சுருக்கமாக, பிழையில்லாமல். நான் எழுதியிருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன். பின்பக்கத்து நிலத்தில் அப்பா மரச்சீனிக் கிழங்கு நட்டார்.

ஆனால் சாட்சி சொன்ன அந்த வாரச் சனிக்கிழமையே அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு போதகர் வீட்டுக்குப் போனார். "இனி என்னத்துக்கு நிறுத்தணும்? வாசிக்கட்டு." இடையில் விட்டுப்போனதால் முதலிலிருந்தே வாசிக்க வேண்டும் என்றார் போதகர்.

மறுநாள் வாசித்தார். அக்காவின் பெயருக்கு முன்னால் 'விதவையாகிய' என்று இருந்தது. இது முதல் முறை என்றார். தடை அறிந்தவர்கள் தெரிவிக்கலாம் என்று சொல்லி, வழக்கம்போல் சற்று நிறுத்தினார். எனக்குப் பின்வரிசையில் குமாஸ்தா அடுத்த பாட்டுக்குப் பக்கம் புரட்டும் சத்தம் கேட்டது.