கடலைத் தேடிப் போன கல்யாணச் சாப்பாடு

இங்கே ஆற்றில் தினமும் தண்ணீர் இருக்கிறது. அதை எவரும் திரும்பிப் பார்ப்பதில்லை. மலேசியாவுக்கு வந்த புதிதில் நான் மட்டும் பாலத்தில் சாய்ந்து வாயைப் பிளந்துகொண்டு நிற்பேன். எதையோ ஆற்றில் தவறவிட்டவன் என்று போகிறவர்கள் பரிதாபப்பட்டார்கள். சாத்தூர்க்காரனுக்கு அது அதிசயம்தானே? நம் வைப்பாறு வருஷத்தில் முக்கால்வாசி மணல். சைக்கிளை உருட்டிக்கொண்டே அக்கரைக்குப் போய்விடலாம். மழையில் தண்ணீர் வந்தால் ஊரே பாலத்துக்கு ஓடும். அன்றைக்கு வெடி காயாது, பட்டாசுக் கம்பெனியும் லீவு, நாள் முழுக்க வேடிக்கைதான். வந்த தண்ணீர் கிழக்கே மட்டும் போகும். பள்ளிக்கூடத்தை மூன்றாம் வகுப்போடு மன்னித்து விட்டுவிட்ட எனக்குத் தெரிந்த ஒரே பூகோளம் அதுதான்: ஆறு போகிற பக்கம் கடல்.

அதை நம்பித்தான் ஒரு கல்யாணச் சாப்பாட்டை வேனில் ஏற்றினேன். சமையல் ஆர்டர் எடுக்கும் என் முதலாளி விருதுநகர்க்காரர்.

"ஏலே, பாலத்துல ரோடு ரெண்டாப் பிரியும். ஆறு கடல்ல விழுற பக்கமாப் போ. கடைசியில கோயிலு. மத்தியானப் பந்தி. சோறு போகாம பொண்ணு வீட்டுக்காரன் தலகுனிஞ்சான்னா, அடுத்த பிளேன்ல நீ சாத்தூருதான்."

"கண்ணக் கட்டி விட்டாலும் போயிருவேன், அண்ணாச்சி."

பாலத்தில் நிறுத்திப் பார்த்தேன். தண்ணீர் இடதுபக்கம் ஓடியது. வலை உதறிக்கொண்டிருந்த மலாய்க்காரரிடம் ஒரு மரியாதைக்கு, "லாவுட்?" என்றேன். கடலுக்கு அவர்கள் வார்த்தை. அவர் வலதுபக்கம் கை காட்டினார். நான் தண்ணீரைக் காட்டினேன். அவர் சிரித்து, "பாசாங், பாசாங்" என்று மறுபடியும் வலதுபக்கமே காட்டினார். சொந்த ஊர் ஆறே தெரியாத மனுஷன் என்று அவருக்காக வருத்தப்பட்டுவிட்டு, இடதுபக்கம் திருப்பினேன்.

ஆறு இப்போது அகலும், அப்புறம் அகலும் என்று பார்த்தேன். அது ஓடையாகி, வாய்க்காலாகி, எண்ணெய் எடுக்கிற ஒரு செம்பனைத் தோட்டத்துக்குள் போய் முடிந்தது. கடல் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு மாடு நின்றது. அப்போதும் எனக்கு என்மேல் சந்தேகம் வரவில்லை. பின்னால் சாம்பார் குலுங்கிய சத்தத்தில்தான் பந்தி ஞாபகம் வந்தது. வந்த வழியே பறந்தேன்.

பெண்ணின் அப்பா கோயில் வாசலிலேயே நின்றார். உள்ளே வாழையிலை போட்டுத் தெளித்த தண்ணீர் காய்ந்து, பந்தி முணுமுணுத்துக்கொண்டிருந்தது.

"எங்கய்யா போன?"

"கடலத் தேடிங்க. ஆறு அந்தப் பக்கம் ஓடுச்சு."

"எந்த ஊருய்யா நீ?"

"சாத்தூருங்க."

"கடல் தண்ணி ஏறுற நேரம்யா இது, பாசாங்னு சொல்லுவாங்க. கடலு உள்ள வந்து ஆத்தப் பின்னால தள்ளும். தெனமும் நடக்கும்."

பிறகு உள்ளே பார்த்து, "சோறு எஸ்டேட்ட சுத்திப் பாத்துட்டு இப்பத்தான் வந்திருக்கு!" என்று கத்தினார். பந்தி சிரித்தது. அவர் தலை குனியவில்லை. நான்தான் குனிந்துகொண்டே பரிமாறினேன். நல்லவேளை, பரிமாறும்போது குனியத்தான் வேண்டும்.

எல்லாரும் சாப்பிட்டதும் கோயிலை ஒட்டிய ஆற்றுப் படித்துறையில் அண்டா கழுவினேன். ஏறிய தண்ணீர் நின்றுபோயிருந்தது. அண்டாவிலிருந்து விழுந்த கறிவேப்பிலை ஒன்று கடலுக்கும் போகாமல், தோட்டத்துக்கும் போகாமல், விழுந்த இடத்திலேயே மிதந்தது.

"யோவ் சாத்தூரு! சாப்பிட வாய்யா!" என்று பெண்ணின் அப்பா கூப்பிட்டார்.

வருகிறேன் என்று சொல்லிவிட்டு, அந்த இலை முதலில் எந்தப் பக்கமாவது நகரட்டும் என்று உட்கார்ந்திருந்தேன்.