யாரும் புகார் சொல்லாத எண்

"பயனாளர் சிக்கல்களை விரைந்து கண்டறிந்து தீர்ப்பவர்" என்கிறது, அலுவலகக் கணினிப் பிரிவில் அவருடைய பணி விளக்கம். அச்சுப்பொறியின் திரையில் ஒரு பிழை எண். அதற்குக் கீழேயே 'காகிதம் தீர்ந்துவிட்டது' என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது. அவர் கீழே பார்ப்பதில்லை. எண்ணை மட்டும் இணையத்தில் போட்டு, முன்பின் தெரியாத எவரெவரோ எழுதிவைத்த புலம்பல்களைப் படித்துவிட்டு, துக்க வீட்டுக்கு ஏற்ற முகத்துடன் திரும்புகிறார்: "சாதாரணக் கோளாறு இல்லீங்க. உள்ளே போர்டே போயிருக்கும்." கணக்குப் பிரிவு அம்மாள் எழுந்து வந்து காகிதத்தைச் செருகுகிறார். அச்சுப்பொறி ஓடுகிறது.

"தற்காலிகமா ஓடும்," என்கிறார் நம்மவர்.

அலுவலகத்தில் அவருக்குச் 'சிங்கம்' என்று பெயர். 'துப்பறியும்' என்பதை நேரம் கருதி விட்டுவிட்டார்கள்.

தெரியாத தொலைபேசி எண்களும் அவரிடம் இதே பாடுதான் படுகின்றன. எடுத்து "யாருங்க?" என்று கேட்பது அவருக்குக் கௌரவக் குறைவு. எண்களைப் பற்றி ஊரார் புகார் எழுதும் தளத்தில் தேடுவார். புகாரே இல்லையென்றால் சந்தேகம் இரட்டிப்பாகும். "ஒருத்தன்கூட வாயைத் திறக்கலைன்னா எவ்வளவு பெரிய கும்பலா இருக்கணும்!" பிறகு, பொதுநலம் கருதி, முதல் புகாரைத் தாமே எழுதிவைப்பார்.

வீட்டில் யாருடைய போனிலும் தெரியாத எண் ஒலிக்காது. அவர் செய்த ஏற்பாடு. வந்த எண்களை அவ்வப்போது அவரே பார்த்து ஆராய்வார். பல் மருத்துவமனை ஒன்றில் வேலைக்கு நேர்காணல் முடித்து, "கூப்பிடுறோம்" என்ற ஒரு சொல்லை நம்பிக் காத்திருந்த தங்கை, மாலையில்தான் கவனித்தாள். காலையிலிருந்து ஒரே எண், திரும்பத் திரும்ப.

"அண்ணா, இது ஆஸ்பத்திரியா இருக்குமோ?"

"ஃபிராடு. ஆபீஸ் கிளம்புறதுக்கு முன்னாடியே பார்த்துட்டேன்."

"எப்படிச் சொல்றே?"

தளத்தைத் திறந்து நீட்டினார். 'மோசடிக் கும்பல். எடுக்காதீர்கள்.'

"இன்னிக்குக் காலையில போட்டிருக்கு. கீழே உன் பேருதானே இருக்கு?"

"யார் எழுதினா என்ன? எழுதியிருக்கா, இல்லையா?"

தங்கை அவரைத் தள்ளிவிட்டு அந்த எண்ணைக் கூப்பிட்டாள். மறுமுனையில் ஒரு பெண் குரல், களைப்பாக: "காலையிலேர்ந்து அடிச்சுக்கிட்டே இருந்தோம்மா. நீங்க எடுக்கல. அடுத்த ஆளைப் போட்டாச்சு."

தங்கை போனை மேசைமேல் வைத்தாள். உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

சிங்கம் அந்தக் கதவைப் பார்த்தார். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, காலையில் எழுதிய எச்சரிக்கைக்குக் கீழே இன்னொன்று சேர்த்தார்: 'உறுதியாகிவிட்டது. வேலை தருவதாகக் கூப்பிடுவார்கள். திருப்பிக் கூப்பிட்டால் இல்லை என்பார்கள்.'