நாத்தனார் கற்றுத்தந்த கார்

என் நாத்தனாருக்கு, அதாவது என் கணவரின் அக்காவுக்கு, பேசும்போது திக்கும். நான் போட்டுக்கொடுப்பதாக நினைக்க வேண்டாம். யாரைப் பார்த்தாலும் முதல் வேலையாக அவரே சொல்லிவிடுவார். "எ... எனக்குத் திக்கும். கொஞ்சம் நேரமாகும். ஆனா சொல்லி முடிச்சிடுவேன்" என்பார். மருந்துக் கடையானாலும் சரி, வங்கிக்குப் போன் போட்டாலும் சரி, இதே பேச்சுத்தான். வராத வார்த்தையை விட்டுவிட்டு வேறொன்றைப் போட்டு ஒப்பேற்றுகிற வழக்கம் அவரிடம் கிடையாது. அரட்டைக்கு உட்கார்ந்தால் எழுந்திருக்கவும் மாட்டார். எதிர்வீட்டுத் தையல்காரம்மா, இவரோடு பேசினால் அடுப்பில் வைத்தது தீய்ந்துபோகிறது என்று புலம்பிக்கொண்டே தினமும் வந்து உட்காருவார்.

அவர் வேலை, ஒரு டிரைவிங் ஸ்கூலில் பெண்களுக்குக் கார் ஓட்டக் கற்றுத்தருவது. வார்த்தை வர நேரமாகும் என்பதால், திருப்பத்துக்கு வெகு முன்பே "இ... இ... இடது பக்கம்" என்று ஆரம்பித்துவிடுவார். அவரிடம் படிப்பவர்களுக்குத் தெருக்கோடி வரை பார்த்து ஓட்டும் பழக்கம் தானாக வந்துவிடும். அவசரம் என்றால் பேச்சே கிடையாது. அவர் காலடியில் இன்னொரு பிரேக் இருக்கிறது.

போன மாதம் எவரோ ஒரு புண்ணியவான் முதலாளியிடம் போய், திக்குகிற ஆளை நம்பி என் மனைவியை எப்படி அனுப்புவது என்று கேட்டிருக்கிறார். முதலாளி பயந்துபோய், நாத்தனாரை வண்டியிலிருந்து எடுத்து அலுவலகத்தில் உட்காரவைக்கப் பார்த்தார். அங்கே என்ன வேலை தெரியுமா? நாள் முழுக்கப் போன் பேசுவது. இந்த மனிதரின் புத்தியை எதில் சேர்ப்பது என்று எனக்கு விளங்கவில்லை. நாத்தனார் போனுக்கு அஞ்சுகிறவர் இல்லை. ஆனால் வண்டி அவருக்கு உயிர். ஒரு நாள் பின்சீட்டில் வந்து பார்த்துவிட்டு முடிவெடுங்கள் என்றார். அன்றைக்கு ஓட்ட வேண்டியது, அவரிடம் கார் பழகிக்கொண்டிருந்த நான்.

நான் சொதப்பினால் போவது அவர் வேலை. பயந்துகொண்டே கிளப்பினாலும் கடைத்தெரு வரை நன்றாகத்தான் ஓட்டினேன். அங்கே ஒரு சைக்கிள் குறுக்கே திரும்பியது. பார்த்துவிட்டேன், கால் பிரேக்குக்குப் போய்க்கொண்டுதான் இருந்தது. அதற்குள் பின்னாலிருந்து முதலாளி, பிரேக்கு, பிரேக்கு என்று போட்டாரே ஒரு கத்தல். எனக்குக் கைகால் ஓடவில்லை, ஆக்சிலேட்டரை மிதித்துவிட்டேன். வண்டி பாய்வதற்குள் நாத்தனார் தன் பிரேக்கை அழுத்தினார். சைக்கிள்காரர் திரும்பிக்கூடப் பார்க்காமல் போனார்.

எனக்கு வந்த கோபத்துக்கு முதலாளியை நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்டிருப்பேன். நாத்தனார் என் முழங்கையைத் தொட்டு, "ஓரமா நி... நி... நிறுத்தும்மா. நீ சரியாத்தான் பார்த்தே" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது. கண்ணைத் துடைக்கவிட்டு, மறுபடி கிளப்பச் சொன்னார். திரும்பி வரும் வழியெல்லாம் முதலாளி வாயைத் திறக்கவில்லை.

அலுவலக வாசலில் இறங்கியதும் முதலாளி உள்ளே போகாமல் கார் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். இடம் மாற்றுகிற பேச்சை விட்டுவிடலாம் என்று முனகினார். எனக்கு அப்பாடா என்றிருந்தது. அப்போதும் அவர் நகரவில்லை.

"என் வீட்டுக்காரிக்கு நானே சொல்லிக்குடுத்தேன் மேடம். அழுதுட்டு எறங்கிட்டா. இப்ப சாவியத் தொடவே மாட்டேங்கிறா. நீங்க சொல்லிக்குடுப்பீங்களா?"

"அ... அனுப்புங்க சார்" என்று நாத்தனார் சிரித்தார். "ஆனா பி... பி..." என்று நின்றது. முதலாளி அவசரப்படாமல் காத்திருந்தார்.

"பின்சீட்ல நீங்க வரக் கூடாது."