கேமராவைத் திருப்பு

கணபதி ஏரியாவில் எங்கள் தெருவில் பாதி வீடுகளின் முன்பக்கம் ஒர்க்‌ஷாப்தான். பிரஸ் மிஷினில் விரலைக் கொடுத்தவர்கள் நாலைந்து பேராவது இருப்பார்கள். டீ டம்ளரைப் பிடிக்கும் விதத்தை வைத்தே நான் கண்டுபிடித்துவிடுவேன். அப்படிப்பட்ட என் கண்ணுக்குத்தான் தம்பியின் கை தெரியாமல் போயிற்று.

அம்மா போன பிறகு அவனுக்கு நான்தான் எல்லாம். கொரியாவில் ஒரு தொழிற்சாலையில் வேலை கிடைத்தபோது அவனைவிட நான்தான் அதிகம் குதித்தேன். தமிழில் பேசும் கொரிய சீரியல்களை விடாமல் பார்ப்பவள் நான். அங்கே மரமெல்லாம் இளஞ்சிவப்பாகப் பூக்கும். நீளமான கோட் போட்டுக்கொண்டு ஆற்றங்கரையில் நடப்பார்கள். அழுதால்கூட அழகாக அழுவார்கள். ஷிப்ட் முடிந்து கழுத்தில் கிரீஸோடு வந்த ஒருவரையும் நான் பார்த்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை வீடியோ காலில் வருவான். "சாப்ட்டியா கண்ணு" என்று ஒப்புக்குக் கேட்டுவிட்டு, "உன்ற மூஞ்சியத்தான் பொறந்ததுல இருந்து பாக்கறனே. கேமராவைத் திருப்பு, ஊரைக் காட்டு" என்பேன். திருப்புவான். பாலம், ஆறு, பூமரம். சீரியலில் வந்த இடங்களாகவே கேட்பேன். அவன் இருந்த ஊரிலிருந்து அங்கே போக பஸ்ஸில் மூன்று மணி நேரம் ஆகும் என்று எனக்குத் தெரியாது. நான் கேட்டுக்கொள்ளவும் இல்லை.

ஒரு ஞாயிறு அறைக்குள்ளிருந்தே கூப்பிட்டான். "இன்னிக்கு வெளிய போக முடியலீங்கக்கா. சும்மா பேசிட்டு இருக்கலாங்களா?" பனி விழும் அரண்மனையைக் காட்டுவதாக முந்தின வாரம் சொல்லியிருந்தான். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "அக்காளுக்காக இதுகூடச் செய்ய முடியாதா" என்று போனை வைத்துவிட்டேன். இரண்டு வாரம் கழித்து அரண்மனையைக் காட்டினான். படம் ஆடியது. "கையை ஆட்டாமப் புடிடா" என்று அதற்கும் சத்தம் போட்டேன்.

போன மாதம் லீவில் வந்தான். காபி கொடுத்தேன். டம்ளரை இடது கையால் வாங்கினான். அப்போதுதான் வலது கையைப் பார்த்தேன். இரண்டு விரல் பாதிதான் இருந்தது. பிரஸ் மிஷின்தான் என்று யாரும் எனக்குச் சொல்லத் தேவையில்லை.

"ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே சாமி" என்றேன்.

"சொல்லலாம்னுதானுங்கக்கா அன்னிக்கு ரூமுக்குள்ள உக்காந்து கூப்புட்டேன். நீங்கதான் வெச்சுப்போட்டீங்க."

காபியை ஊதிக்கொண்டே சொன்னான். கோபமாகச் சொல்லியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.