குடில் ஆட்டின் பின்பக்கம்

ஆட்டைப் பற்றி உனக்கு என்ன தெரியும் என்று யாராவது கேட்டால் இப்போதெல்லாம் நான் விடுவதில்லை. உட்கார வைத்து, டீ கொடுத்து, முழுக்கச் சொல்லித்தான் அனுப்புவேன். கேட்டவர் பாடு.

திருவொற்றியூரில் ஒரு ஸ்வெட்டர் கம்பெனியில் செக்கிங் வேலை செய்கிறேன். பின்னி வருகிற துணியை வெளிச்சத்துக்கு நேரே பிடித்து ஓட்டை, முடிச்சு, கறை பார்க்க வேண்டும். ஆஸ்திரேலியா ஆட்டின் கம்பளியில் நூற்ற நூல் அது. தைத்து முடித்ததும் குளிர் நாடுகளுக்குக் கப்பலேறிவிடும். எண்ணூர் பக்கத்து வெயிலில் முதுகெல்லாம் வேர்த்து ஒழுக, எவனோ குளிருக்குப் போட்டுக்கொள்ளப்போகிற கம்பளியை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோமே என்று நாங்கள் சிரிக்காத நாள் கிடையாது.

மழைக்காலம் தொடங்கும்போது, துணி வாங்குகிற கம்பெனிக்காரர்கள் ஒரு சின்னப் பெண்ணை அனுப்பினார்கள். எங்களையெல்லாம் சாப்பிடுகிற ஹாலில் உட்கார வைத்து அவள் ஒரு வீடியோ போட்டாள். மெரினோ ஆட்டுக்குத் தோல் மடிப்பு மடிப்பாக இருக்குமாம். வாலுக்குக் கீழே அந்த மடிப்பில் சாணமும் மூத்திரமும் தங்கி ஈரமாகவே கிடக்கும். ஈ வந்து முட்டை வைக்கும். புழு உயிரோடு சதையைத் தின்னும். அதைத் தடுக்க, குட்டியாக இருக்கும்போதே மல்லாக்கப் போட்டுக் காலைச் சட்டத்தில் மாட்டி, வாலைச் சுற்றியுள்ள தோலைக் கத்தரியால் வகுந்து எடுத்துவிடுகிறார்கள். ஆறினால் வழவழவென்று தழும்பாகிவிடும். அங்கே மயிரும் முளைக்காது, ஈயும் உட்காராது. இதற்கு மியூல்சிங் என்று பெயர். வலி தெரியாமல் இருக்க மருந்து போடுகிற பண்ணைகளும் இருக்கின்றன, போடாத பண்ணைகளும் இருக்கின்றன. இனிமேல் அப்படி அறுக்காத ஆட்டின் கம்பளியில்தான் நாம் துணி செய்ய வேண்டும் என்றாள் அந்தப் பெண்.

நூல் கிடங்கைப் பார்த்துக்கொள்கிறவருக்கு இது பிடிக்கவில்லை. அறுத்தால் ஒரு நாள் வலி, அறுக்காவிட்டால் புழு தின்று சாகும், இதில் எது பாவம் என்று அவர் எழுந்து கேட்டார். ஹாலில் பாதிப் பேர் ஆமாம் என்று தலையாட்டினார்கள். அவர் கேட்டதிலும் நியாயம் இருந்தது. ஆனால் நியாயம் இருக்கிறது என்பதற்காக வாயை மூடிக்கொண்டிருக்க என்னால் ஆகாது. அறுப்பதா வேண்டாமா என்று அப்புறம் அடித்துக்கொள்ளலாம், மருந்து கையில் இருக்கும்போது மரத்துப்போக வைக்காமல் அறுப்பதற்கு என்ன கேடு, நமக்குப் பல் பிடுங்கினால் ஊசி போடாமல் விடுவோமா என்று கேட்டேன். அவர் நாற்காலியைத் தள்ளிவிட்டுக் கிடங்குக்குப் போய்விட்டார். அந்தப் பெண் வீடியோவை எங்கள் எல்லோருடைய போனுக்கும் அனுப்பிவிட்டுப் போனாள்.

வீட்டுக்கு வந்ததும் என் வீட்டுக்காரரிடம் அதைக் காட்டினேன். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவர். நான் வாயைத் திறந்தாலே டிவி சத்தத்தைக் கூட்டுகிற மனுஷன், அந்த வீடியோவை மட்டும் திரும்பப் போடச் சொல்லிப் பார்த்தார். பரவாயில்லையே, மனசு இளகிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். காரணம், எங்கள் வீட்டு வாசலிலும் ஒரு கம்பளி ஆடு கட்டியிருந்தது.

அது எங்களிடம் வந்ததே கிறிஸ்துமஸ் குடிலுக்காக. ராயபுரத்தில் எங்கள் தெருக் கத்தோலிக்கக் குடும்பங்கள் சேர்ந்து ஒரு அன்பியம் வைத்திருக்கிறோம். வருடா வருடம் கோயில் வளாகத்தில் ஒவ்வொரு அன்பியமும் ஏசு பிறந்த கொட்டிலைப் போல ஒரு குடில் போட வேண்டும். சூசையப்பர், மாதா எல்லாம் மண்ணில் செய்த சுரூபம்தான். ஆடு மட்டும் உயிரோடு நிற்க வேண்டும் என்பது எங்கள் வீட்டுக்காரர் கிளப்பிவிட்ட ஆசை. நம் ஊர்ச் செம்மறிக்கு உடம்பெல்லாம் குட்டை மயிர், தூரத்தில் பார்த்தால் வெள்ளாடு மாதிரி இருக்கும். முந்தின வருடம் அப்படி ஒன்றைக் கட்டி வைத்ததற்கு, பக்கத்து அன்பியத்துக்காரர்கள் நாய் என்று சொல்லிச் சிரித்துவிட்டார்கள். அந்த ரோஷத்தில், நீலகிரிப் பக்கம் லாரி ஓட்டுகிற சிநேகிதர் ஒருவரைப் பிடித்து, புசுபுசுவென்று ஒரு பெட்டைக் குட்டியைக் கொண்டுவர வைத்தார்.

அந்தக் குட்டியை அவர் கொஞ்சின கொஞ்சல் இருக்கிறதே, எங்கள் பிள்ளைகளைக்கூட அப்படிக் கொஞ்சியதில்லை. வேலை முடிந்து வந்தால் முகம் கழுவுவதற்கு முன்னால் ஆட்டுக்கு அகத்திக்கீரை. அதுவும் அவர் செருப்புச் சத்தம் கேட்டாலே கத்தும், அவர் உட்கார்ந்தால் முதுகை அவர் முழங்காலில் சாய்த்துக்கொண்டு நிற்கும். ஒன்றே ஒன்றுதான், அதன் மேல் கத்தரிக்கோல் படக்கூடாது. கிறிஸ்துமஸுக்குள் கம்பளி நன்றாக வளர்ந்து பஞ்சுப் பொதியாக நிற்க வேண்டும். மலைக் குளிரில் இருக்க வேண்டியது இங்கே புழுங்கிச் சாகிறது, வால் பக்கமாவது கொஞ்சம் வெட்டிவிடலாம் என்று நான் சொன்னதற்கு, குடிலில் நிற்கிற ஆட்டுக்கு அரை மொட்டையா என்று முறைத்தார்.

எங்கள் தெருவுக்கு அடுத்தது கருவாடு காயப்போடுகிற இடம். மழை விட்டு விட்டுப் பெய்தால் அங்கே பச்சை ஈ மொய்க்கும், வீட்டில் சோற்றுத் தட்டைத் திறந்து வைக்க முடியாது. அந்த வருடம் மழையும் சளைக்காமல் பெய்தது. கிறிஸ்துமஸ் நெருங்குகிற சமயத்தில் ஆடு பின்னங்காலை உதைத்துக்கொண்டு, திரும்பித் திரும்பித் தன் வாலையே கடிக்கப் பார்த்தது. ஈரத்துக்கு அரிக்கிறது என்றார் இவர். எனக்குச் சந்தேகம்தான். ஆனால் ஆர்டர் முடிகிற அவசரம், ஓவர்டைம், நான் காலையில் ஷேர் ஆட்டோ பிடித்து ஓடிவிட்டேன்.

சாயங்காலம் திரும்பி வந்தபோது தெரு முனையிலேயே ஆடு கத்துகிற சத்தம் கேட்டது. அது பசிக்குக் கத்துகிற கத்தல் இல்லை. வாசலில் எதிர் வீட்டுக்காரர் அதன் கால்களைப் பிடித்துக்கொண்டிருந்தார். என் வீட்டுக்காரர் குனிந்து நின்றிருந்தார், கையில் மீன் அறுக்கிற கத்தி. வாலுக்கு இடது பக்கம் ஒரு பட்டைத் தோல் போயிருந்தது. சிவப்பாகச் சதை தெரிந்தது. மறுபக்கம் கம்பளிக்குள்ளே வெள்ளை வெள்ளையாகப் புழு நெளிந்துகொண்டிருந்தது.

கையிலிருந்த பையை அப்படியே போட்டுவிட்டுக் கத்தியைப் பிடுங்கினேன்.

“யோவ், இன்னாய்யா பண்ணி வச்சிகீற?”

அவர் முகமெல்லாம் வேர்வை, கண்ணெல்லாம் தண்ணீர்.

“நீதானம்மே வீடியோல காட்டுன? இத்த எடுத்துட்டா அப்பால புழுவே வராதுன்னு அதுல கீதே. உயிரோட துன்னுகினு கீது. பாத்துகினு சும்மா எப்படிமே உக்காந்துகினு இருக்கறது?”

எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. இப்படிச் செய்யக்கூடாது என்று காட்டுகிற வீடியோ அது. ஆனால் பேச்செல்லாம் இங்கிலீஷ். நான் சொன்னதைக் காதில் வாங்காமல் இவர் படத்தை மட்டும் பார்த்திருக்கிறார். முதலில் புழு, அப்புறம் கத்தரி, கடைசியில் தழும்பு ஆறிப் புல் மேய்கிற ஆடு. புழுவுக்கு வைத்தியம் என்றே முடிவு கட்டியிருக்கிறார். அதற்கு நான் என்ன செய்ய முடியும்? கிடங்குக்காரர் ஹாலில் கேட்ட கேள்விதான் என் வீட்டு வாசலில் அழுதுகொண்டு நின்றது. அந்தப் பண்ணைக்காரர்களிலும் இப்படி அழுதுகொண்டே அறுத்தவர்கள் இருந்திருப்பார்கள்.

இன்னொரு பக்கத்தையும் அறுத்து முடித்துவிடலாம், பாதியில் விட்டால் சீழ் பிடிக்கும் என்றார் எதிர் வீட்டுக்காரர். கத்தியை இடுப்பில் செருகிக்கொண்டேன். ஊசி போடாமல் இனி இதன் மேல் யார் கை வைத்தாலும் நடக்கிறதே வேறு என்றேன். மூணு சக்கர மீன்பாடி வண்டி ஒன்றில் சாக்கு விரித்து, ஆட்டை நானும் அவரும் தூக்கிப் படுக்கவைத்து, கால்நடை மருத்துவரின் கிளினிக்குக்கு ஓட்டிப் போனோம்.

மருத்துவர் சின்ன வயசுக்காரர். ஆட்டைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார். முதலில் காயத்தைச் சுற்றி மரத்துப்போகிற ஊசி போட்டார். கொஞ்ச நேரத்தில் அதன் நடுக்கம் நின்றது. மெஷினால் பின்பக்கக் கம்பளியை ஒட்ட வழித்து, மருந்தை ஊற்றி, புழுக்களை ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் போட்டார். ஆடு அசையாமல் படுத்திருந்தது. தையல் போடும்போதுகூடக் கத்தவில்லை. என் வீட்டுக்காரர் அதன் தலையை மடியில் வைத்துக்கொண்டு, அந்த ஊசி மருந்துக் குப்பியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தோலை எடுக்க அவசியமே இல்லை என்றார் மருத்துவர்.

“வால் பக்கத்து மயிரை முன்னாடியே வெட்டி விட்டிருந்தா போதும்மா. மழைக்காலத்துல தினமும் வாலைத் தூக்கிப் பாருங்க. அவ்வளவுதான்.”

வெளியே வந்ததும் எனக்கு அடக்க முடியவில்லை. கம்பளி போய்விடுமே என்று மயிரில் கத்தரி வைக்க மாட்டேன் என்ற மனுஷன் தோலில் கத்தி வைத்திருக்கிறார். இதைத்தான் கடல் தாண்டியும் செய்கிறார்கள், அவர்களுக்கும் கம்பளிதான் பெரிசு என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தேன். நமக்கு ஒரே ஆடு, பார்த்துக்கொள்ளலாம், ஆயிரம் ஆடு வைத்திருக்கிறவன் தினமும் எத்தனை வாலைத் தூக்குவான் என்று அவர் மெதுவாகக் கேட்டார். நியாயமான கேள்விதான். மடிப்பு இல்லாத ஆடாகப் பார்த்து வளர்க்கட்டும், வளர்க்கிறவர்கள் இருக்கிறார்களாம், அதுவரைக்கும் ஊசியாவது போடட்டும் என்றேன். அவன் ஆயிரம் ஆடு வைத்திருப்பது ஆட்டுக்குத் தெரியுமா? அறுபடுகிறது தன் தோல் என்பதுதான் அதற்குத் தெரியும். இதையே மறுநாள் கம்பெனியில் கிடங்குக்காரரிடமும் சொன்னேன். இந்த முறை நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து கேட்டார்.

அந்தக் கிறிஸ்துமஸுக்கு எங்கள் குடிலில் பஞ்சில் செய்த ஆடுதான் நின்றது. பக்கத்து அன்பியத்துக்காரர்கள் வந்து பார்த்துவிட்டு, நல்லவேளையாக வாயைத் திறக்கவில்லை.

ஆடு பிழைத்துவிட்டது. காயம் ஆறி, மற்ற இடத்தில் கம்பளி பழையபடி புசுபுசுவென்று வந்துவிட்டது. இவர் கையால் கீரை கொடுத்தால் தின்கிறது. செருப்புச் சத்தம் கேட்டால் காதைக்கூட அசைக்கிறது. ஆனால் அவருக்கு முதுகைக் காட்டாது. அவர் இந்தப் பக்கம் வந்தால் அந்தப் பக்கம் திரும்பும், அந்தப் பக்கம் போனால் கயிறு இறுக இறுகச் சுற்றி அவர் முகத்துக்கு நேராகவே வந்து நிற்கும். நாள் போனால் மறந்துவிடும் என்று தேற்றிப் பார்த்தேன்.

“மறக்காதும்மே. நான்தானே அறுத்தேன்” என்றார்.

தினமும் காலையில் அவர் கீரையோடு முன்னால் உட்காருவார். நான் பின்னால் போய் வாலைத் தூக்கிப் பார்ப்பேன். தலையை நிமிர்த்தாமல் கேட்பார், சுத்தமா கீதா என்று. கீது என்பேன். அப்புறம்தான் எழுந்து டூட்டிக்குக் கிளம்புவார்.